சாந்தோமுக்கு முன்: மயிலாப்பூரின் இடைக்காலத் தேவாலயம் பற்றிய விவாதங்கள்

போர்த்துக்கீசியர் சோழமண்டலக் கரையில் கால் வைப்பதற்கு முன்பே மயிலாப்பூரில் ஒரு கிறித்தவத் தேவாலயம் இருந்தது. வரலாற்றாசிரியர்களில் பெரும்பாலோர் இதை ஏற்கிறார்கள். அது எப்போது எழுந்தது, எழுப்பியவர்கள் யார், எந்த வடிவில் நின்றது என்று கேட்டால்தான் விடைகள் பிரிகின்றன. 13ஆம் நூற்றாண்டுப் பயணிகள் ஒருவிதமாகச் சொன்னார்கள். 16ஆம் நூற்றாண்டில் மண்ணைத் தோண்டியவர்கள் வேறுவிதமாகச் சொன்னார்கள். 19ஆம் நூற்றாண்டில் கல்வெட்டு படித்தவர்கள் இரு சாராரோடும் முழுதாக ஒத்துப்போகவில்லை.

இந்தக் கேள்விகள் பெரும்பாலும் தனித்து ஆராயப்பட்டதில்லை. இயேசுவின் சீடரான தோமா முதல் நூற்றாண்டில் தமிழ்க் கரைக்கு வந்தாரா என்ற பெரிய வழக்கு இவற்றை எப்போதும் விழுங்கிவிடுகிறது. வந்தார் என்போர் இடைக்காலத் தேவாலயத்தை அதற்குச் சாட்சியாக நிறுத்துகிறார்கள். வரவில்லை என்போர் அந்தச் சாட்சியைக் குலைப்பதிலேயே கவனம் செலுத்துகிறார்கள். இடைக்கால மயிலாப்பூரில் வாழ்ந்து, வணங்கி, புதைக்கப்பட்ட மனிதர்கள் இந்த இழுபறியில் காணாமல் போகிறார்கள். அவர்களுடைய தேவாலயத்தை அதற்குரிய காலத்திலேயே வைத்துப் பார்க்கலாம் என்பதே இக்கட்டுரையின் நிலைப்பாடு.

பழைய ஊர், புதிய குடிகள்

தாலமி குறிப்பிடும் மாலியார்பா என்ற துறை மயிலாப்பூரே என்று பல அறிஞர்கள் கருதுகிறார்கள். ஞானசம்பந்தரின் பூம்பாவைத் திருப்பதிகம் 7ஆம் நூற்றாண்டு மயிலையின் விழாக்களை மாதவாரியாகச் சொல்கிறது. பல்லவன் மூன்றாம் நந்திவர்மனை நந்திக்கலம்பகம் மயிலையைக் காப்பவன் எனப் போற்றுகிறது. ஊரில் நேமிநாதருக்குச் சமணக் கோயில் இருந்ததாகவும், கடல் அரிப்புக்கு அஞ்சி அந்தத் திருவுருவைச் சித்தாமூருக்குக் கொண்டுசென்றதாகவும் சமண மரபு சொல்கிறது. சைவம், சமணம், வணிகம் மூன்றும் நிலைத்திருந்த துறைமுகம் இது. பாரசீக வளைகுடாவிலிருந்து வந்த கிறித்தவ வணிகர்களும் இங்கே குடியமர்ந்திருந்தால் அதில் வியப்பில்லை.

தமிழ் இலக்கியத்தில் அவர்களைப் பற்றித் தெளிவான குறிப்பு எதுவும் கிடைக்கவில்லை. தேவாலயமே இருந்திருக்காது என்று வாதிடுவோர் இதை முதல் சான்றாக வைக்கிறார்கள். ஆனால் பக்தி இலக்கியம் ஊரின் மக்கள்தொகைப் பதிவேடு அல்ல. சிறுபான்மை வணிகக் குடியின் வழிபாட்டிடம் ஒரு பதிகத்தில் இடம்பெறாததை வைத்து அது இல்லை என்று முடிவுகட்ட முடியாது.

பயணிகளின் சாட்சியமும் அதன் எடையும்

6ஆம் நூற்றாண்டின் இறுதியில் பிரான்சில் எழுதிய தூர் நகர ஆயர் கிரெகோரி, இந்தியாவில் தோமாவின் உடல் முதலில் வைக்கப்பட்ட இடத்தில் பெரிய, அழகிய தேவாலயமும் துறவியர் மடமும் உள்ளன, அங்கே அணையா விளக்கு எரிகிறது என்று குறிப்பிடுகிறார். அங்கு போய்வந்த தெயோதோர் என்பவர் சொன்னதாக எழுதுகிறார். ஊர்ப்பெயர் இல்லை. அதே நூற்றாண்டில் இந்தியக் கடல்களைப் பற்றி எழுதிய கோஸ்மாஸ், மலபாரிலும் இலங்கையிலும் கல்யாணிலும் கிறித்தவர் இருப்பதைச் சொல்கிறார், மயிலாப்பூரைச் சொல்லவில்லை. இந்த இரண்டையும் சேர்த்துப் பார்த்தால், 6ஆம் நூற்றாண்டைப் பற்றி உறுதியாக எதுவும் பேசுவதற்கில்லை. சுமார் 1222இல் சிரிய மொழியில் எழுதிய பஸ்ரா ஆயர் சாலமோன், தோமா புதைக்கப்பட்ட இந்திய நகரை மஹ்லூப் என்கிறார். மயிலாப்பூர் என்ற பெயரின் சாயல் இதில் இருப்பதாகப் பலர் கருதுகிறார்கள். அப்படியானால் மார்க்கோ போலோவுக்கு முன்பே பாரசீகத்தின் கீழைத் திருச்சபையினர் கல்லறையை இந்த ஊரோடு இணைத்துவிட்டார்கள் என்றாகிறது.

13ஆம் நூற்றாண்டின் இறுதியில் சாட்சியம் திடீரெனத் தடிக்கிறது. 1290களில் இக்கரை வழியே சென்ற போலோ, மாபார் என்று அவர் அழைக்கும் இக்கரையில் வணிகர்கள் அதிகம் வராத ஒரு சிற்றூரில் தோமாவின் உடல் கிடப்பதாக எழுதுகிறார். கிறித்தவரும் முஸ்லிம்களும் அங்கே யாத்திரை போகிறார்கள். காய்ச்சல் தீர அந்த இடத்தின் செம்மண்ணை எடுத்துச்செல்கிறார்கள். தேவாலயத்தைப் பார்த்துக்கொள்ளும் கிறித்தவர்கள் தென்னை மரங்களை வைத்துப் பிழைக்கிறார்கள், அதற்கு அரசனுக்கு வரி கட்டுகிறார்கள். 1288இல் உள்ளூர்ப் பிரபு ஒருவர் தேவாலயத்தைச் சேர்ந்த வீடுகளில் நெல்லை நிரப்பியதாகவும், புனிதர் கனவில் வந்து மிரட்டியதால் காலிசெய்ததாகவும் ஒரு கதை சொல்கிறார். சம்பந்தர் பாடிய மயிலையும் தென்னை சூழ்ந்ததுதான். அற்புதக் கதையை ஒதுக்கிவிட்டாலும், தென்னந்தோப்பு, வரி, காலி வீடுகளில் நெல் சேமிப்பு ஆகியவை நிஜ ஊர் ஒன்றின் விவரங்கள். போலோ நேரில் வந்தாரா, கேட்டு எழுதினாரா என்ற ஐயம் நீடிக்கிறது. யாரோ ஒருவர் இதைப் பார்த்திருக்கிறார் என்பதே என் கணிப்பு.

ஐயமே இல்லாத சாட்சி மாண்டேகோர்வினோ ஜான் என்ற பிரான்சிஸ்கன் துறவி. சீனாவுக்குப் போகும் வழியில் 1291 வாக்கில் தோமா தேவாலயம் இருந்த பகுதியில் 13 மாதம் தங்கினார். சுமார் நூறு பேருக்குத் திருமுழுக்கு அளித்தார். உடன்வந்த பிஸ்தோயா நிக்கோலாசை அந்தத் தேவாலயத்திலேயே அடக்கம் செய்தார். ஓராண்டுக்கு மேல் பார்த்த இந்த மனிதர் கட்டடத்தைப் பற்றி ஒரு வரியும் எழுதவில்லை என்பது வருத்தத்துக்குரியது.

பின்னர் வந்தவர்கள் முரண்படுகிறார்கள். 1320களின் தொடக்கத்தில் வந்த ஒடோரிக், தேவாலயத்தில் சிலைகள் நிறைந்திருந்தன, பக்கத்தில் கீழைத் திருச்சபையினரான நெஸ்தோரியரின் வீடுகள் பதினைந்து இருந்தன என்கிறார். 15ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் நிக்கோலோ கோன்டி, மிகப் பெரிய, மிக அழகிய தேவாலயம், ஊரில் ஆயிரம் நெஸ்தோரியர் என்கிறார். 1504இல் சிரிய ஆயர்கள் எழுதிய கடிதமோ, தோமாவின் இல்லங்களில் சில கிறித்தவர்கள் மறுபடி குடியேறிப் பழுதுபார்க்கத் தொடங்கியிருக்கிறார்கள் என்கிறது. செழித்ததும் பாழடைந்ததும் மாறி மாறி நடந்திருக்க வேண்டும். இவற்றை ஒரே கட்டடத்தின் தொடர் வரலாறாகக் கோப்பவர்கள், ஒரே இடத்தில் வெவ்வேறு காலத்தில் வெவ்வேறு கட்டடங்கள் இருந்திருக்கலாம் என்ற வாய்ப்பை விட்டுவிடுகிறார்கள்.

16ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் போர்த்துக்கீசியரான துவார்த்தே பர்போசா தரும் சித்திரமே கட்டட வடிவத்துக்கு மிக நெருங்கியது. நம் தேவாலயங்களின் பாணியில் கட்டப்பட்டது, பீடத்திலும் உச்சியிலும் சிலுவைகள், மரக் கிராதி, அலங்காரமாக மயில் உருவங்கள், சுற்றிலும் புதர் என்கிறார். ஏழை முஸ்லிம் ஒருவர் பிச்சையெடுத்து வந்த காசில் இரவு விளக்கேற்றிப் பார்த்துக்கொண்டாராம். பர்போசா பெரும்பாலும் மலபார்க் கரையில் இருந்தவர் என்பதால் இதுவும் செவிவழிச் செய்தியாக இருக்கலாம். ஆயினும் முஸ்லிம்கள் அந்த இடத்தை மதித்தார்கள் என்பதில் அவரும் போலோவும் இருநூறு ஆண்டு இடைவெளியில் ஒத்துப்போகிறார்கள். வேறெந்தச் செய்தியையும்விட இது எனக்கு நம்பகமாகப் படுகிறது.

1523இல் தோண்டிய குழி

1517இல் தியோகோ பெர்னாண்டஸ், பஸ்தியாம் பெர்னாண்டஸ் என்ற இரு போர்த்துக்கீசியரை ஆர்மீனிய வணிகர்கள் பழவேற்காட்டிலிருந்து மயிலாப்பூருக்கு அழைத்துவந்தார்கள். 1523இல் சோழமண்டலக் கரையின் போர்த்துக்கீசிய அதிகாரி மானுவேல் தெ பிரியாஸின் காலத்தில் பழுதுபார்க்கும் வேலை தொடங்கி, கல்லறை எனச் சொல்லப்பட்ட இடத்தைத் தோண்டினார்கள். மண்ணும் கட்டுமானமும் மாறி மாறி வந்த குழியின் அடியில் எலும்புகள், இரும்பு ஈட்டிமுனை, மண் நிறைந்த ஒரு கலயம் ஆகியவை கிடைத்ததாகச் சொன்னார்கள்.

நம்மிடம் இருப்பது அகழ்வுக் குறிப்பு அல்ல. 1533இல் மிகேல் பெரேரா நடத்திய விசாரணையில் சாட்சிகள் பத்து ஆண்டு கழித்து நினைவிலிருந்து சொன்னவை. அவர்கள் தேடியது தோமாவைக் கொன்றதாக மரபு சொல்லும் ஈட்டியை, கிடைத்தது ஈட்டிமுனை. தேடியதே கிடைக்கும்போது ஆய்வாளர் எச்சரிக்கையாக இருக்க வேண்டும். அதே சமயம், அங்கே ஆழமான பழைய கட்டுமானம் இருந்தது என்பதை மறுக்கவும் இந்தச் சாட்சியங்கள் இடம்தரவில்லை. பின்னாளில் கல்லறைச் சுவரின் செங்கற்களை முதல் நூற்றாண்டைச் சேர்ந்த அரிக்கமேட்டுச் செங்கற்களோடு ஒப்பிட்டு, கல்லறை முதல் நூற்றாண்டைச் சேர்ந்தது என வாதிட்டவர்கள் உண்டு. அளவு ஒத்த செங்கல் அந்தச் செங்கல்லின் வயதைக் குறிக்கலாம், புதைத்த நாளைக் குறிக்காது. பழைய செங்கல்லைப் பெயர்த்து மறுபடி பயன்படுத்துவது இக்கரையில் எக்காலத்திலும் நடந்ததே.

பரங்கிமலைக் கல்

ஊகத்தைத் தாண்டி, கையால் தொட்டுப் பார்க்கக்கூடிய சான்று ஒன்று உண்டு. 1547இல் மயிலாப்பூர் வட்டாரத்திலுள்ள பரங்கிமலையின் உச்சியில் சிற்றாலயத்துக்கு அடித்தளம் தோண்டியபோது செதுக்கிய கல் ஒன்று கிடைத்தது. இன்றும் அங்குள்ள மாதா கோயிலின் பீடத்தில் அது பதிந்திருக்கிறது. படிகள் மேல் நிற்கும் சிலுவை; நான்கு முனைகளும் மொட்டுப்போல் விரிகின்றன; அடியில் இருபுறமும் இலைகள் வளைகின்றன; உச்சியில் புறா தலைகீழாக இறங்குகிறது. இதைச் சூழ்ந்து இரு தூண்கள். தூண் தலைப்பில் மகரங்கள் வாய்திறக்க, அவற்றிலிருந்து தோரணம் எழுகிறது. தோரணத்தின் ஓரமாகப் பாரசீகத்தின் பஹ்லவி எழுத்து ஓடுகிறது.

சிலுவையின் வடிவம் மேற்காசியாவைச் சேர்ந்தது. மகர தோரணம் நம் கோயில்களில் காண்பது. பாரசீகம் பேசிய கிறித்தவர் ஒருவர் உள்ளூர்ச் சிற்பியிடம் வேலை கொடுத்திருக்கிறார். சிற்பி தன் கைப்பழக்கப்படி தெய்வத்துக்குரிய சட்டகத்தைச் செதுக்கிவிட்டு, அதன் நடுவில் சிலுவையை நிறுத்தியிருக்கிறார் என்று நினைக்கத் தோன்றுகிறது. இடைக்கால மயிலாப்பூர்க் கிறித்தவக் கலையைப் பற்றி இதைவிடத் தெளிவாக எந்தப் பயணியும் பேசவில்லை.

இக்கல்லை வாசித்த வரலாறு தனியே ஒரு பாடம். 16ஆம் நூற்றாண்டில் விஜயநகரப் பகுதியிலிருந்து வந்த பிராமணர் ஒருவர், தோமாவின் வருகையையும் சாவையும் விரிவாகச் சொல்வதாக இதைப் படித்துக் கொடுத்தார். சிறு வாசகத்திலிருந்து அவ்வளவு நீண்ட கதை வந்தது எப்படி என்று அன்று யாரும் கேட்கவில்லை. எழுத்து பஹ்லவிதான் என்று 1873இல் ஏ.சி. பர்னல் நிறுவினார். அவரும் மார்ட்டின் ஹாக் முதலானோரும் கிறித்துவின் பாடுகளைப் பற்றிய இறையியல் வாசகமாக இதை விளக்கினார்கள். 1929இல் வின்க்வொர்த் அதைக் கவிழ்த்தார். கல்லைச் செய்வித்தவர் தன் பெயரும் தகப்பன் பெயரும் சொல்லி இரக்கம் கேட்கும் எளிய வேண்டுதல் என்றார். பின்வந்த ஜின்யூ, செரெட்டி ஆகியோர் பெயரை வேறுவிதமாகப் படித்தாலும், இது தனிமனிதரின் வேண்டுதல் என்ற பொதுக்கருத்து நிலைத்துவிட்டது.

எழுத்தமைதியை வைத்துக் காலத்தை 7 முதல் 9ஆம் நூற்றாண்டுக்குள் பலரும் வைக்கிறார்கள். இதே வாசகமோ அதன் வடிவங்களோ உள்ள சிலுவைகள் கோட்டயம் வலியபள்ளி, கடமற்றம், முட்டுச்சிற, ஆலங்காடு, கோதநல்லூர் ஆகிய கேரள ஊர்களிலும் இருக்கின்றன. எது மூலம், எது நகல் என்பதில் ஒற்றுமையில்லை. பரங்கிமலைக் கல்லே மூலம், கேரளத்தவை அதன் பிரதிகள் என்பது ஒரு கட்சி. வாசகத்தில் தோமா பெயர் இல்லை என்பதையும் மறக்கக்கூடாது. இக்கல் பாரசீகக் கிறித்தவர்கள் இருந்ததற்குச் சான்று. அப்போஸ்தலர் வந்ததற்கோ வராததற்கோ சான்று அல்ல.

அப்போஸ்தலர் மரபும் அதன் மறுப்பும்

தோமா மரபின் பழைய எழுத்துச் சான்று, எதெஸ்ஸாவில் 3ஆம் நூற்றாண்டில் எழுந்ததாகக் கருதப்படும் தோமாவின் பணிகள் என்ற நூல். அதில் வரும் கொந்தபார் அரசனைக் கற்பனை என்றே வெகுகாலம் நினைத்தார்கள். 19ஆம் நூற்றாண்டில் அவன் நாணயங்கள் வடமேற்கு நிலங்களில் கிடைத்தபோது அரசன் நிஜமானான். ஆனால் தெற்கத்தியக் கதைக்கு அது துணைசெய்யவில்லை. தோமாவின் எலும்புகள் மேற்கே கொண்டுபோகப்பட்டன என்று அந்த நூலே சொல்கிறது. 384இல் எகேரியா என்ற யாத்திரிகை எதெஸ்ஸாவில் கல்லறையைக் கண்டார். இத்தாலியின் ஒர்தோனா 1258 முதல் எலும்புகள் தன்னிடம் இருப்பதாகச் சொல்கிறது.

1892இல் மில்ன் ரே, தென்னிந்திய மரபு பாரசீகக் குடியேறிகளோடு பின்னாளில் வந்தது என்று வாதிட்டார். 1905இல் ஆயர் மெட்லிகாட் கிரெகோரி முதலானோரைத் திரட்டி மரபைக் காத்தார். இயேசு சபையின் ஹோஸ்டன் மயிலாப்பூர்க் கற்களைத் தேடித் திரட்டினார். அவர் தொகுப்பு 1936இல் வெளிவந்தது. ஹோஸ்டனின் உழைப்புக்கு நாம் கடன்பட்டவர்கள். ஆனால் கல் கிடைத்த மண்ணடுக்கைப் பதியாமல் கல்லை மட்டும் திரட்டியதால், அவர் சொன்ன காலக்கணிப்புகளை இன்று சரிபார்க்க வழியில்லை. ரேயின் வாதத்துக்கும் ஒரு குறை உண்டு. மரபு எப்படிப் பயணித்தது என்பதை அது விளக்குகிறது. கேரளத்தில் கிறித்தவர் அதிகம் இருக்க, கல்லறை மட்டும் ஏன் கிழக்குக் கரையில் நிலைத்தது என்பதை விளக்கவில்லை. கேரளக் கிறித்தவர்கள் கல்லறையைத் தங்கள் ஊரில் காட்டாமல், பல நாள் பயணமுள்ள மயிலாப்பூரைக் காட்டினார்கள் என்பது சற்று யோசிக்க வேண்டிய செய்தி.

கபாலீசுவரர் கோயில் வாதம்

மயிலாப்பூர்க் கபாலீசுவரர் கோயில் முன்பு கடற்கரையில் இருந்தது, போர்த்துக்கீசியர் காலத்தில் அது அழிந்து, இப்போதுள்ள இடத்தில் பின்னர் எழுந்தது என்பது பரவலான கருத்து. மாசிக் கடலாட்டைச் சம்பந்தர் பாடியதும், அருணகிரிநாதர் கடலோர மயிலையைப் பாடியதும், மயிலாப்பூரில் போர்த்துக்கீசியர் நிறுவிய சாந்தோமின் தேவாலய வளாகத்தில் தமிழ்க் கல்வெட்டுத் துண்டுகள் கிடைத்ததும் இதற்கு ஆதாரங்கள். கடற்கரையில் கோயில் ஒன்று இருந்ததற்கான வாய்ப்பு வலுவானது. போர்த்துக்கீசியர் கோயில்களை அழித்தது கோவாவில் பதிவான வரலாறு; இங்கே மட்டும் கைவைத்திருக்க மாட்டார்கள் என்று வாதிட இயலாது.

இதை நீட்டி, தேவாலயம் நிற்பதே கோயிலின் இடத்தில்தான், கிறித்தவ வழிபாட்டிடம் என்று முன்பு எதுவும் இல்லை என்போர் உண்டு. கல்வெட்டுத் துண்டுகள் அவ்வளவு தூரம் கொண்டுசெல்லா. கட்டுமானத்துக்காகக் கற்களைப் பெயர்த்து எடுத்துவருவது வழக்கம். துண்டு கிடைத்த இடம் கோயில் நின்ற இடமாக இருந்தே ஆக வேண்டியதில்லை. போர்த்துக்கீசியருக்கு இருநூறு ஆண்டு முன்பே மாண்டேகோர்வினோ தன் தோழரை ஒரு தேவாலயத்தில் புதைத்தார் என்பதும் மறையாது. கோயிலும் சமணப் பள்ளியும் தேவாலயமும் அருகருகே இருந்த ஒரு கடற்கரையைக் கற்பனை செய்வதில் சான்று எதுவும் தடைசெய்யவில்லை.

கோல்கொண்டாவின் பங்கு

   கோல்கொண்டாவை ஆண்ட குதுப் ஷாகி அரசும் மயிலாப்பூரின் வரலாற்றில் நேராகக் குறுக்கிட்டது. 1662இல் அப்துல்லா குதுப் ஷாவின் படை சாந்தோமைப் போர்த்துக்கீசியரிடமிருந்து கைப்பற்றியது. 1672இல் பிரெஞ்சுக்காரர் அதைப் பிடித்தனர். கோல்கொண்டாவும் டச்சுக்காரரும் சேர்ந்து முற்றுகையிட, 1674இல் அவர்கள் சரணடைந்தார்கள். அதன்பின் கோட்டைச் சுவர்களைக் கோல்கொண்டா இடித்தது. போர்த்துக்கீசிய நகரத்தின் அமைப்பே குலைந்த காலம் இது. பழைய தேவாலயத்தின் தடங்களைத் தேடுவோர் 16ஆம் நூற்றாண்டுக் கட்டுமானத்தை மட்டுமன்றி, இந்தப் பன்னிரண்டு ஆண்டுப் போர்களின் இடிபாடுகளையும் கணக்கில் எடுக்க வேண்டும். பெரும்பாலான நூல்கள் இதை ஓரிரு வரியில் கடந்துவிடுகின்றன.

மீதியை 1893 முடித்துவைத்தது. பல மாற்றங்களோடு அதுவரை நின்ற போர்த்துக்கீசியக் கட்டடத்தை ஆயர் ஹென்ரிக் ரீட் த சில்வா காலத்தில் இடித்தார்கள். பொறியாளர் கேப்டன் ஜே.ஏ. பவர் வடிவமைத்த புதுக் காதிக் பாணிப் பேராலயம் 1896இல் அர்ச்சிக்கப்பட்டது. 155 அடி உயரக் கோபுரமும், கல்லறைக்கு மேலே தனியாக ஒரு சிறு கோபுரமும் உடைய அழகிய கட்டடம். அதற்காகத் தோண்டிய நிலத்தில் என்ன கிடைத்தது என்பது முறையாகப் பதிவாகவில்லை. நானூறு ஆண்டுகளில் கிடைத்த சிறந்த ஆய்வு வாய்ப்பு அப்படிக் கைநழுவியதை நினைத்தால் மனம் பொறுக்கவில்லை.

வடிவத்தை மீட்க முடியுமா?

ஒப்பீட்டால் ஓரளவு முடியும். வளைகுடாவின் கார்க் தீவிலும் அபுதாபிக்கருகே சர் பனீ யாஸ் தீவிலும் கீழைத் திருச்சபையின் மடங்களை அகழ்ந்திருக்கிறார்கள். நீண்ட நடுக்கூடமும் கிழக்கே பிரிக்கப்பட்ட திருவிடமும் சுற்றிலும் துறவியர் அறைகளும் உள்ள அமைப்பு. இவற்றை முன்பு 5, 6ஆம் நூற்றாண்டு என்றார்கள். இப்போது 7, 8ஆம் நூற்றாண்டு நோக்கி நகர்த்துகிறார்கள். பரங்கிமலைக் கல்லின் காலத்தோடு இது பொருந்துகிறது. கிரெகோரியின் மடம், போலோவின் தேவாலய வீடுகள், ஒடோரிக்கின் பதினைந்து வீடுகள், 1504 கடிதத்தின் இல்லங்கள் எல்லாம் ஒற்றைக் கட்டடத்தைவிட ஒரு வளாகத்தையே காட்டுகின்றன. தேவாலயமும் சுற்றுக் குடியிருப்பும் தோப்பும் சேர்ந்த வளாகம் என்று கொண்டால், பயணிகளின் முரண்களில் பாதி கரைகின்றன. சுவரும் கூரையும் பெரும்பாலும் உள்ளூர்க் கைவினையாகவே இருந்திருக்கும். கொல்லத்து வணிகக் கிறித்தவர்களுக்கு அரசுரிமைகள் வழங்கிய 849ஆம் ஆண்டுத் தரிசாப்பள்ளிச் செப்பேடுகள், இத்தகைய குடிகள் உள்ளூர் ஆட்சிக்குள் எப்படிப் பொருந்தி வாழ்ந்தன என்பதைக் காட்டுகின்றன. மயிலாப்பூருக்கு அப்படியொரு சாசனம் கிடைக்கவில்லை.

இன்னும் முடிவாகாதவை

7 முதல் 9ஆம் நூற்றாண்டுக்குள் மயிலாப்பூர் வட்டாரத்தில் பாரசீகக் கிறித்தவர் இருந்தனர் என்பதும், 13ஆம் நூற்றாண்டில் அங்கே யாத்திரைத் தேவாலயம் இயங்கியது என்பதும் போதிய அளவு உறுதியானவை. இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட நானூறு ஆண்டுகள் ஏறக்குறைய வெறுமையாக உள்ளன. மலையிலிருந்த சிலுவைக்கும் கடற்கரையிலிருந்த கல்லறைக்கும் அக்காலத்தில் என்ன தொடர்பு என்பதும் நிறுவப்படவில்லை. காட்டுக்கோயில் என்று ஊரார் அழைக்கும் லஸ் ஆலயத்தின் கல்வெட்டு 1516ஐக் காட்டுகிறது. இப்போதுள்ள கட்டடம் அதற்குச் சில பத்தாண்டு பிந்தியது என ஐயுறுவோர் உண்டு. அதன் கீழே பழைய தடயம் உண்டா என்ற கேள்வியும் அதனால் எழுகிறது.

இவற்றில் சிலவற்றுக்கு மண்ணைக் கிளறாமலே விடை தேட முடியும். நிலத்தடி ரேடார் கொண்டு சாந்தோம், லஸ், பரங்கிமலை மூன்று வளாகங்களின் அடித்தளங்களை வரையலாம். சிலுவைக் கல்லையும் கேரளக் கற்களையும் கனிமப் பகுப்பாய்வில் ஒப்பிட்டு, எந்தக் கல் எந்தக் குவாரியிலிருந்து வந்தது என்று பார்க்கலாம். எது மூலம், எது நகல் என்ற வழக்குக்கு அது நேரடியான துப்புத் தரும். கலயம், ஈட்டிமுனை, செங்கல் ஆகியவற்றில் எஞ்சியவற்றை இன்றைய காலக்கணிப்பு முறைகளுக்கு உட்படுத்த மறைமாவட்டத்தின் இசைவு வேண்டும். கபாலீசுவரர் கோயிலின் பழைய இடத்தை அறிவதற்கும் இதே ஆய்வுதான் தேவை. இரு தரப்புக்கும் பொதுவான அந்த நிலத்தை முறையாக அளந்து பதிவுசெய்தவர் இதுவரை யாருமில்லை.